வெளியே போக விடாத பந்து

1

இலங்கையிலிருந்து, ஹட்டனில் ஒரு சிறு சஞ்சிகை நடத்தும் நண்பர் கேட்டு எழுதியிருந்தார். "சீமையில வெள்ளைக்காரனோட சரிக்குச் சரி பந்தடிக்கிற நம்ம ஆளு நீங்க ஒருத்தருதாங்க. நம்ம புள்ளைங்க வாசிச்சா ஒரு தெம்பு வரும். நல்லதா நாலு பக்கம் எழுதுங்க" என்றிருந்தார். நான் இங்கே கப்பலிலிருந்து இறங்கி இந்த மாதத்தோடு பதினாறு வருடம் ஆகிறது. அதையும் சாக்காக வைத்துக்கொண்டு நல்லதாக எழுதத்தான் உட்கார்ந்தேன். வருவது வேறாக இருக்கிறது. நண்பர் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுகிறேன். வானொலியில் நீங்கள் பேர் கேட்டிருக்கக்கூடிய பெரிய கிளப்புகள் எதிலும் நான் ஆடியதில்லை. இங்கிலாந்தில் பந்தாட்டத்துக்கு நான்கு தட்டு உண்டு. மேல்தட்டில் ஆடுகிறவர்களின் படம் பத்திரிகையில் வரும். நான் காலம் கழித்தது அடித்தட்டில். நிலக்கரி ஊர், மீன்பிடி ஊர், ரயில் பெட்டி செய்கிற ஊர் என்று ஐந்து கிளப்புகளில் ஆடியிருக்கிறேன். ஒவ்வொன்றிலும் இரண்டு மூன்று வருடம், பிறகு பெட்டியைக் கட்டு என்பார்கள். நாடோடிப் பிழைப்புதான், கூடாரம் மட்டும் இல்லை.

அதிலும் நான் பேக். கோல் அடிக்கிறவன் இல்லை, அடிக்க வருகிறவனை மறிக்கிறவன். கோல் அடிப்பவனைத் தோளில் தூக்கிக்கொண்டு போவார்கள். பேக்கின் பேர் தப்பு செய்த அன்றுதான் ஊருக்குத் தெரியும்.

2

எங்கள் தோட்டம் மஸ்கெலியாவுக்கு மேலே. தேயிலைத் தொழிற்சாலைக்குப் பின்னால் மலையை வெட்டி ஒரு தட்டை எடுத்திருந்தார்கள். அதுதான் மைதானம். ஒரு பக்கம் மண் சுவர். மற்ற மூன்று பக்கமும் தேயிலைச் சரிவு, சரிவின் அடியில் ஓயா, எங்கள் ஊர் ஆறு. பெரிய துரைக்குப் பந்தாட்டத்தில் கிறுக்கு. வருடத்துக்கு ஒரு தோல் பந்து தருவார், ஒன்றே ஒன்று.

அந்தப் பந்து கோட்டைத் தாண்டினால் நிற்காது. தேயிலைச் செடிகளுக்குள் குதித்துக் குதித்து இறங்கிவிடும். ஆள் போய்த் தேடி எடுத்து வருவதற்குள் மூடுபனி இறங்கி, ஆட்டம் முடிந்த மாதிரிதான். ஓயாவில் விழுந்துவிட்டதோ, அந்த வருடத்துக்கே பந்து இல்லை. அதனால் எங்கள் தோட்டத்தில் பேக்குக்கு ஒரே ஒரு சட்டம். கோல் விழுந்தால் விழட்டும், பந்து வெளியே போகக் கூடாது.

நான் வலது பேக், என் தம்பி செல்லையா இடது பேக். வெறுங்கால்தான். ஈர மண்ணில் உட்கார்ந்தபடி வழுக்கிக்கொண்டு போய், பந்து கோட்டில் இருக்கும்போதே கட்டை விரலால் கொக்கி போட்டு உள்ளே இழுத்துவிடுவோம். லயத்து வரிசை வீடுகளின் சனங்கள் கோலுக்குக் கூட அப்படிக் கை தட்டமாட்டார்கள். எங்கள் ஆத்தா கொழுந்து நிறுத்துப் போட்டுவிட்டு, கூடையை முதுகிலிருந்து இறக்காமலே மண் சுவரில் நின்று பார்ப்பாள். அப்பா நாங்கள் சிறுபிள்ளையாக இருந்தபோதே போய்விட்டார். ஆத்தாதான் எங்களுக்கு எல்லாம். "டேய் மாரிமுத்து, விடாத! விட்டா நீதான் போய்ப் பொறுக்கணும்!" என்று அவள் கத்துவது தொழிற்சாலை இரைச்சலையும் மீறிக் கேட்கும்.

நாட்டுக்குச் சுதந்திரம் வந்ததும் பெரிய துரை தோட்டத்தை விட்டுச் சீமைக்குக் கிளம்பினார். அவருடைய அண்ணன் இங்கே ஒரு பஞ்சாலை வைத்திருந்தார். ஆலைக்கு ஒரு பந்தாட்டக் குழுவும் இருந்தது. "நீ வருகிறாயா?" என்று துரை கேட்டார். எனக்குப் பத்தொன்பது வயது. ஆத்தாவிடம் சொன்னேன். மறுநாள் விடியலில் வேலைக்குப் பேர் கொடுக்கிற பெரட்டுக்குப் போகும்போது, "போய்ட்டு வா. ரெண்டு வருசத்துல வந்துரு" என்றாள். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

நான் கப்பல் ஏறியபோது எங்கள் சனத்துக்குக் குடியுரிமை இல்லை என்று சட்டம் வந்திருந்தது. பேப்பரில் எழுதியிருந்தார்கள். எங்கள் லயத்தில் யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. தேயிலை இருக்கிறவரைக்கும் நம்மை யார் போகச் சொல்வார்கள் என்றுதான் கங்காணிமார் கூடப் பேசினார்கள்.

3

இங்கே வந்ததும் முதலில் பூட்ஸ் என்ற விலங்கைக் காலில் மாட்டினார்கள். அடுத்ததாக என் பழக்கத்தை மாற்றப் பார்த்தார்கள். ஆலைக் குழுவிலிருந்து என்னை எடுத்துக்கொண்ட முதல் கிளப்பின் மேனேஜர் குட்டையான ஆள், கழுத்தே கிடையாது. அவர் சொன்னதை ஐந்து கிளப்பிலும் ஐந்து மேனேஜர்களும் சொன்னார்கள்: "சந்தேகமாக இருந்தால் வெளியே அடி!"

எனக்கு அது அநியாயமாகப் பட்டது. முழுசாக இருக்கிற பந்தைக் கூட்டத்துக்குள் உதைத்துவிடுவதா? உதைத்தேன். ஒவ்வொரு தடவையும் பந்து போன திசையையே பார்த்துக்கொண்டு நிற்பேன். பந்து உடனே திரும்பி வந்துவிடும், யாரோ ஒரு கிழவர் சிரித்துக்கொண்டே எறிவார். அப்படியும் என் கால் நம்பவில்லை. வருடக்கணக்கில் பழகிய பிறகுதான் கொஞ்சம் அடங்கியது.

மாரிமுத்து இங்கே மோரிஸ் ஆனான். உள்ளூர்ப் பத்திரிகை என்னை 'இந்திய பேக்' என்று எழுதும். நான் இலங்கைக்காரன் என்று ஒவ்வொரு ஊரிலும் போய்ச் சொல்வேன். "ஓ, தேயிலை!" என்பார்கள். அடுத்த வாரமும் இந்திய பேக் என்றே வரும். கடைசியில் விட்டுவிட்டேன்.

ரயில் பெட்டி ஊரில் ஐலீனைக் கண்டேன். பேக்கரியில் வேலை செய்தாள். நல்லவள். மழையில் நனைந்து வந்தால் திட்டுவதில் எங்கள் ஆத்தாவுக்கு இளைத்தவள் இல்லை. எங்களுக்கு ஒரே மகள், மீனா. அவள் பேசக் கற்ற காலத்தில் நான் வாரத்தில் பாதி நாள் பஸ்ஸில் வேறு ஊர்களுக்கு ஆடப் போய்க்கொண்டிருந்தேன். தமிழ் அவளிடம் சேரவில்லை. 'தண்ணி', 'வா', 'போதும்' என்று மூன்று வார்த்தை தெரியும். மூன்றையும் ஆங்கிலம் மாதிரியே சொல்வாள். ஒருமுறை ரசத்தை ஊற்றிக் கொடுத்தேன். ஒரு வாய் குடித்துவிட்டு, "அப்பா, இது மருந்தா?" என்று ஆங்கிலத்தில் கேட்டாள். சிரித்தேன். பிறகு அடுப்படியில் போய்க் கொஞ்ச நேரம் நின்றேன்.

ஊருக்கு ஏன் ஒருமுறையாவது வரவில்லை என்று கேட்கலாம். கீழ்த்தட்டுப் பந்தாட்டக்காரனுக்கு ஒப்பந்தம் ஒரு வருடத்துக்குத்தான். மே மாதம் பிறந்தால் கிளப்பில் யார் இருக்கலாம், யார் போகலாம் என்று அறிவிப்பார்கள். போகிறவர்களில் பெரும்பாலும் நான் இருப்பேன். கோடை முழுவதும் அடுத்த கிளப்பைத் தேடி ஊர் ஊராகப் போய், இருபது வயதுப் பையன்களோடு ஓடிக் காட்ட வேண்டும். கப்பலில் ஊர் போய்த் திரும்ப அந்தக் கோடை காணாது. அடுத்த வருடம், அடுத்த வருடம் என்று ஆத்தாவுக்குச் சொல்லிச் சொல்லியே காலம் போய்விட்டது.

4

போன வருடம் செல்லையாவிடமிருந்து சேதி வந்தது. அவனும் ஆத்தாவும் இலங்கைக் குடியுரிமை கேட்டுப் போட்ட மனுவைத் தள்ளிவிட்டார்கள். அப்பா எங்கே பிறந்தார் என்பதற்கு அத்தாட்சி கேட்டார்களாம். லயத்து ஒற்றை அறைக் காம்பராவில் பிறந்தவனுக்கு எங்கே அத்தாட்சி? நாதியற்றுக் கிடப்பதை விட மேல் என்று செல்லையா இந்தியப் பாஸ்போர்ட் வாங்கிவிட்டான், ஆத்தாவுக்கும் சேர்த்து. வாங்கியதும் இலங்கையில் தங்குவதற்குத் தவணை வைத்துவிட்டார்கள். அடுத்த கோடைக்குள் வெளியேற வேண்டும். அவன் பெண்சாதியின் சொந்தக்காரர்கள் துறையூர்ப் பக்கம் இருக்கிறார்கள். அங்கேதான் போவதாக இருந்தான். ஆத்தா தோட்டத்திலேயே பிறந்தவள். இந்தியாவை அவள் பார்த்ததே இல்லை.

எனக்கோ இங்கே வந்த கொஞ்ச வருடத்திலேயே பாஸ்போர்ட் தந்துவிட்டார்கள். பிறந்த மண் தராததைப் பந்தடிக்க வந்த மண் தந்தது. அப்போதுதான் எனக்கு அந்த யோசனை வந்தது. ஆத்தாவை நான் இங்கே கூப்பிட்டுக்கொண்டால் என்ன?

ஐலீன் உடனே சரி என்றாள், சின்ன அறையைக் காலி பண்ணினாள். ஆத்தாவுக்குக் குளிர் ஒத்துக்கொள்ளுமா என்று செல்லையாவிடம் கேட்கச் சொன்னேன். "மஸ்கெலியாவுல இல்லாத குளுரா? அவன் மகளப் பாக்கணும், என்னைய அவன்கிட்ட அனுப்பிரு" என்றாளாம்.

குடிவரவு அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்த அதிகாரி பொறுமையான மனிதர்.

"உங்கள் அம்மா இப்போது யாரோடு இருக்கிறார்?"

"என் தம்பியோடு. அவனை இந்தியாவுக்கு அனுப்புகிறார்கள்."

"அப்படியானால் தம்பி இந்தியர்."

"இல்லை ஐயா. இலங்கையில் பிறந்தவன். இந்தியாவைப் பார்த்ததில்லை."

"பார்க்காத நாட்டுக்கு ஏன் போகிறார்?"

"பிறந்த நாட்டில் இருக்கக் கூடாது என்கிறார்கள்."

அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு என்னையே பார்த்தார். பொய் சொல்கிறேனோ என்று பார்த்திருப்பார். பிறகு சுருக்கமாகச் சொன்னார். வயதான விதவைத் தாயை மகன் வரவழைக்கலாம். வீடு இருக்க வேண்டும், நிலையான வேலை இருக்க வேண்டும். "வீடு இருக்கிறது. உங்கள் வேலை இந்த மே மாதத்தோடு முடிகிறது. அடுத்த வருடத்துக்கும் வேலை உண்டு என்று கிளப்பிடமிருந்து ஒரு கடிதம் கொண்டுவாருங்கள், மற்றதை நான் பார்த்துக்கொள்கிறேன்."

நேரே மேனேஜரிடம் போனேன். என் வயதில் பேக்குக்கு யாரும் கடிதம் தரமாட்டார்கள். அவர் தலையைச் சொறிந்தார். எங்கள் கிளப் அப்போது பட்டியலின் அடியில் ஊசலாடிக்கொண்டிருந்தது. கடைசி இடங்களில் முடிகிற கிளப்புகள் மற்றக் கிளப்புகளிடம் போய், எங்களை வைத்துக்கொள்ளுங்கள் என்று கையேந்த வேண்டும். "அந்த அவமானம் இல்லாமல் தப்பித்தால் உனக்கு இன்னொரு வருடம் தருகிறேன், மோரிஸ். தப்பாவிட்டால் நானே இருக்கமாட்டேன்" என்றார்.

அந்த வருடம் நான் ஆடிய மாதிரி பதினாறு வருடத்தில் ஆடியதில்லை. முழங்காலில் துணியை இறுகக் கட்டிக்கொண்டு ஆடினேன்.

5

கடைசி ஆட்டம் எங்கள் மைதானத்தில். தோற்காமல் இருந்தால் போதும், தப்பித்துவிடுவோம். ஐலீனும் மீனாவும் வந்திருந்தார்கள். காலையிலிருந்து தூறல். ஆட்டம் பாதியைத் தாண்டியதும் மூடுபனி இறங்கிவிட்டது. எதிர்ப் பக்கம் நிற்கிற சனம் கூடத் தெரியவில்லை. பனிக்குள்ளிருந்து சத்தம் மட்டும் வந்தது. எனக்கு அப்படிப்பட்ட நாளில்தான் ஆட நன்றாக வரும்.

இரண்டு பக்கமும் கோல் இல்லை. ஆட்டம் முடியப் போகிறது. எதிர்க் குழுக்காரன் ஒருவன் தூரத்திலிருந்து கண்ணை மூடிக்கொண்டு ஒரு உதை உதைத்தான். பந்து யாருக்கும் எட்டாமல், எங்கள் கோல் கம்பத்துக்குப் பக்கத்தில் கடைசிக் கோட்டை நோக்கி உருண்டுகொண்டு போனது. அவர்கள் காலில் பட்ட பந்து. வெளியே போனால் பந்து எங்களுக்கு. நான் ஒன்றுமே செய்ய வேண்டியதில்லை, பார்த்துக்கொண்டு நின்றால் போதும். "விடு, மோரிஸ்! விடு!" என்று எங்கள் கோல்காரன் கத்தினான். மேனேஜர் கத்தினார். சனம் முழுக்கக் கத்தியது.

எல்லாம் என் காதில் விழுந்தது. அந்தக் கோட்டுக்கு அப்பால் எனக்கு வெள்ளையாகப் பனி மட்டும்தான் தெரிந்தது. என் கால் போய்விட்டது. ஈரப் புல்லில் வழுக்கிக்கொண்டு போய், பந்து கோட்டில் இருக்கும்போதே கொக்கி போட்டு உள்ளே இழுத்தேன். அவ்வளவு சுத்தமாக அதை நான் செய்து எத்தனையோ வருடம் ஆகியிருந்தது.

பந்து எதிராளியின் காலடியில் போய் நின்றது. பந்து போகட்டும் என்று கோல்காரன் ஓரமாக ஒதுங்கியிருந்தான், கோலுக்கு முன்னால் யாரும் இல்லை. அவனுக்கே நம்ப முடியவில்லை. பிறகு மெல்லத் தட்டிவிட்டான்.

யாரும் என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். கோல்காரன் என்னைக் கை கொடுத்துத் தூக்கி, "ஏன்?" என்று மட்டும் கேட்டான். ஓயாவைப் பற்றி அவனிடம் நான் என்ன சொல்வேன்? உடை மாற்றுகிற அறையில் பூட்ஸைக் கழற்றாமல் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். மீனா வெளியே மழையில் நின்றிருந்தாள். என் கையைப் பிடித்துக்கொண்டு வீடு வரைக்கும் ஒரு வார்த்தை பேசாமல் வந்தாள். அதற்காக அவளை எனக்கு எப்போதையும் விடப் பிடித்தது.

6

மே மாதம் போகிறவர்களின் பட்டியலில் என் பேர் இருந்தது. மேனேஜரின் பேரும் இருந்தது. அலுவலகத்து அதிகாரியிடம் திரும்பப் போனேன். வேறு வேலை தேடிக்கொண்டு வாருங்கள், ஆறு மாதம் நிலைத்தால் பார்க்கலாம் என்றார். ஆத்தாவுக்கு ஆறு மாதம் ஏது? தவணையை நீட்டக் கேட்டுச் செல்லையா கொழும்புக்கும் அலைந்து பார்த்தான். முடியாது என்றுவிட்டார்கள். இப்போது நான் ஒரு பிஸ்கட் கம்பெனியில் பெட்டி ஏற்றுகிறேன். நிலையான வேலைதான்.

ஹட்டன் பஜாரில் புடைவைக் கடை வைத்திருக்கிற காசிம் நானாவை உங்களில் பலருக்குத் தெரிந்திருக்கும். அவர் கடையில் போன் இருக்கிறது. கோச்சி ரயிலேறி இந்தியாவுக்குப் புறப்படுவதற்கு முதல் நாள் செல்லையா ஆத்தாவை அங்கே கூட்டிக்கொண்டு வந்து, கொழும்பு வழியாக அழைப்புப் போட்டிருந்தான். எங்கள் தெரு மருந்துக் கடையில் நான் காலையிலிருந்து காத்திருந்தேன், மீனாவும் என்னோடு. எனக்கு அங்கிருந்து முதலில் கேட்டது காசிம் நானாவின் குரல். "மாரிமுத்து தம்பியா? நல்லா சத்தமாப் பேசுங்க. இந்தா, உம்மாகிட்ட குடுக்கிறேன்."

பதினாறு வருடத்துக்குப் பிறகு ஆத்தாவின் குரல். மலையில் ஆள் கூப்பிடுகிற மாதிரி கத்தினாள்.

"மாரிமுத்தா! கேக்குதாடா?"

"கேக்குது ஆத்தா. கேக்குது."

மீனாவிடம் கொடுத்தேன். பழக்கி வைத்திருந்த ஒரே வார்த்தையைச் சொன்னாள். "அப்பாயி." பிறகு ஆத்தா ஏதேதோ கேட்டாள், கேட்டுக்கொண்டே இருந்தாள். மீனா என்னைப் பார்த்தாள். அவளுக்குத் தெரிந்த மூன்றிலிருந்து ஒன்றை எடுத்து, "வா" என்றாள். நான் போனை வாங்கிக்கொண்டேன்.

"வரச் சொல்றாடா ஒம் புள்ள," என்றாள் ஆத்தா.

"என்னால முடியல ஆத்தா. கூப்பிட முடியல."

"சரி விடு. அழுவாத. கடையில ஆளுங்க இருக்காங்க, எனக்கும் அழுவ வந்துரும்." மூக்கை உறிஞ்சுகிற சத்தம் கேட்டது. "நான் கேக்க வந்ததக் கேட்டுர்றேன். தம்பி, நீ நாலு ஊரு பாத்தவன். புது ஊருக்குப் போனா மொதல்ல என்னடா செய்யணும்?"

பிறந்த லயத்தை விட்டு ஹட்டனுக்கு அப்பால் போகாதவள், அறுபது தாண்டிக் கிளம்புகிறாள். பெரிய அனுபவசாலி என்று என்னிடம் வழி கேட்கிறாள்.

"மொதல்ல தண்ணி எங்க புடிக்கிறாங்கன்னு கேட்டுக்க ஆத்தா. பக்கத்து வீட்டுல கேட்டா சொல்லுவாங்க. அங்க எல்லாரும் தமிழ்தான்."

"தமிழ்தான். எந்த ஊருன்னு என்னையக் கேப்பாங்களே. என்னான்னு சொல்ல?"

"மஸ்கெலியான்னு சொல்லு."

"மஸ்கெலியாதான் என்னைய வேணாம்னுருச்சேடா," என்றாள். கோபமே இல்லை. தெரியாததைத் தெரிந்தவனிடம் கேட்கிற குரல்தான். "இனி என்னான்னு சொல்ல?"

நேரம் முடிந்துவிட்டது என்று கொழும்பிலிருந்து ஒரு பெண் சொல்லும்வரைக்கும் நாங்கள் இருவரும் போனைக் காதில் வைத்துக்கொண்டு நின்றோம்.